முன்பல் விழுந்த பிறகு

பிரிஞ்சாங் கடைத்தெருவில் இப்போது நீங்கள் நான்கைந்து பேர் நிகழ்ச்சி செய்கிறீர்கள். ஒருவர் பந்துகளை எறிந்து பிடிக்கிறார், ஒருவர் கிதார் வாசிக்கிறார், ஒரு பெண் என்னைப் போலவே வாயால் சத்தம் போடுகிறாள் என்று சொன்னார்கள். போன மாதம் உங்களில் இருவர் என் அறைக்கு வந்து, "ஐயா, தொழிலைப் பத்தி கொஞ்சம் எழுதிக் குடுங்க லா" என்று கேட்டீர்கள். அதற்காகத்தான் எழுதுகிறேன். நாக்கை எப்படி மடிப்பது, மூச்சை எங்கே அடக்குவது என்றெல்லாம் இதில் இருக்காது. அதை ஒரு வாரம் கண்ணாடி முன்னால் நின்றால் நீங்களே கண்டுபிடித்துவிடுவீர்கள். ஐம்பது வயதுக்குப் பிறகு எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். நான் செய்த பெரிய தப்பு அந்த வயதில்தான் நடந்தது.

என் தொழில் பலகுரல். தோட்டத்தில் அந்தப் பெயரெல்லாம் கிடையாது, சத்தக்காரர் என்பார்கள். குருவி, சேவல், சண்டை போடும் இரண்டு நாய், தகரக் கூரையில் விழும் மழை, துரையின் ஜீப், தொழிற்சாலைச் சங்கு, மனிதர்களின் பேச்சு, எல்லாம் இந்த ஒரு வாயிலிருந்து வரவேண்டும். மேடையும் மைக்கும் நான் பார்த்ததில்லை.

பிரிஞ்சாங்கிற்கும் கோலா தெர்லாவுக்கும் நடுவில் ஒரு தேயிலைத் தோட்டம். அங்கே தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் லைன் வீட்டில் என் சித்தப்பா மகன் குடும்பத்தோடு இருந்தான். அவன் வீட்டுக்குப் பின்னால் தகரம் அடித்து இறக்கிய ஓர் அறை எனக்கு. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. இளமையில் ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தேன், அப்புறம் கேட்பதற்கு யாரும் இல்லை. காலையில் எல்லோரும் ஆள்கணக்கு எடுக்கும் பெரட்டுக்குப் போன பிறகு எழுந்து, உப்புப் போட்ட வெந்நீரில் தொண்டையைக் கொப்பளிப்பேன். மலைக்குளிர் ஐம்பது வயதுக்காரன் தொண்டையில் வந்து உட்கார்ந்துகொண்டு எழுந்திருக்க மாட்டேன் என்னும். பிறகு தேயிலைச் செடிகளுக்கு நடுவே நின்று பழகுவேன். மேல் மலையில் கொழுந்து எடுக்கும் பெண்கள் விடமாட்டார்கள்.

"அண்ணே, இன்னிக்கு உங்க குருவிக்குச் சளி பிடிச்சிருக்கு லா!"

"சேவலுக்கு இன்னும் தூக்கம் தெளியல போல!"

அந்தக் கேலிதான் எனக்குப் பரீட்சை. அவர்கள் நிமிர்ந்து உண்மையான குருவியைத் தேடினால் அன்றைக்குத் தொண்டை சரியாக இருக்கிறது என்று அர்த்தம். அப்புறம் கோலா தெர்லாவிலிருந்து முட்டைக்கோஸ் ஏற்றி வரும் லோரியைக் கைகாட்டி நிறுத்தி, மூட்டைகளின் மேல் உட்கார்ந்து பிரிஞ்சாங் போவேன். பாசார் என்கிற சந்தைக்குப் பக்கத்தில் ஒரு மூலை. பகல் இரண்டு மணிக்குத் தவறாமல் மழை வரும், கடைகளின் முன்னால் கூரையோடு ஓடும் அஞ்சடி நடையில் ஒதுங்கி நிற்பேன். மழை விட்டால் இன்னொரு முறை. வெளியூர் பஸ் வந்தால் நாற்பது பேர் நிற்பார்கள். மற்ற நாட்களில் காய்கறிக்கூடையோடு இரண்டு சீனக் கிழவிகள் நிற்பார்கள். அவர்களுக்கும் அதே குருவி, அதே சேவல். நான்கு மணிக்குக் காலி லோரியில் திரும்பிவிடுவேன். இருபது வருடம் இதுதான் என் நாள்.

அந்த மூலை எனக்கு மட்டும் சொந்தமில்லை. சேகண்டி தட்டி, தோளில் பாம்பைப் போட்டுக்கொண்டு தைலம் விற்கிற ஒரு சீனர் எனக்கு முன்பே அங்கே இருந்தார். அவர் பெயர் கடைசிவரை எனக்குத் தெரியாது. என் பெயரும் அவருக்குத் தெரியாது. முதலில் முறைத்துக்கொண்டோம், பிறகு அரை மணி அவர், அரை மணி நான் என்று பழகிவிட்டது. இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது. சந்தையில் எல்லோரும் புழங்கும் பாசார் மலாயில் பேசிக்கொள்வோம். அவரைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். முதலில் மருதை.

மருதை தோட்டத்து லோரி டிரைவர். மலைகளிலிருந்து கொழுந்தைத் தொழிற்சாலைக்குக் கொண்டுவருவது அவன் வேலை. என்னைவிடப் பதினைந்து வயது இளையவன், ஆனாலும் என்னை வாடா போடா என்றுதான் பேசுவான். யாரையும் அப்படித்தான் பேசுவான். அவன் மனைவி பாக்கியம் கொழுந்து எடுப்பவள். சாயங்காலம் லோரியை நிறுத்தப் போகும்போது எங்கள் லைனுக்கு மேலே உள்ள வளைவில் கியரை இறக்குவான். வண்டி உறுமும். இரண்டு ஹார்ன். பிறகு முன்பற்களின் இடுக்கு வழியாக ஒரு நீண்ட சீட்டி. அதற்குப் பிறகு, "பாக்கியம்!" என்று ஒரு கூப்பாடு, கூடவே இரண்டு வார்த்தை. லைனில் அத்தனை வீட்டிலும் அது கேட்கும். பாக்கியம் வாசலுக்கு வந்து, முகத்தைச் சுளித்துக்கொண்டு, வெட்கப்பட்டுக்கொண்டு, லோரி மறையும்வரை நிற்பாள்.

இந்தக் காட்சியை என் நிகழ்ச்சியில் வைத்திருந்தேன். தோட்டத்தில் செய்யும்போது மருதையே முன்வரிசையில் உட்கார்ந்து தொடையில் அடித்துக்கொண்டு சிரிப்பான். "டேய், எங்கம்மாகூட ஏமாந்திரும்டா!" என்பான்.

எழுபதுகளின் தொடக்கத்தில் பெர்மிட் தொல்லை வந்தது உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குத் தெரிந்திருக்கும். இந்த நாட்டுக் குடியுரிமை இல்லாமல் சிவப்பு அட்டை வைத்திருந்தவர்கள் வேலை செய்யப் பெர்மிட் எடுக்கவேண்டும் என்றார்கள். கிடைக்காதவர்கள் தமிழ்நாட்டுக்குக் கப்பல் ஏறினார்கள். மருதை சின்ன வயதில் தமிழ்நாட்டிலிருந்து வந்தவன், சிவப்பு அட்டை. பாக்கியம் இங்கேயே பிறந்தவள், குடியுரிமை உள்ள நீல அட்டை. அவளுடைய அப்பா பக்கவாதம் வந்து படுக்கையில் கிடந்தார். மகள் கலாவுக்கு இரண்டு வயது. ஆகவே அவன் மட்டும் போனான். லோரி ஏறும்போது என் தோளைப் பிடித்து, "ரெண்டே வருசம். எழுதிப் போட்டிருக்கேன், கூப்பிட்டுருவாங்க. பாத்துக்கடா" என்றான். எதை, யாரை என்று சொல்லவில்லை.

அவன் போன பிறகு அந்தக் காட்சியை விட்டுவிட்டேன். ஒரு வருடம் அதைத் தொடவில்லை.

மறு வருடம் கோவில் திருவிழா முடிந்த மறுநாள், ஞாயிற்றுக்கிழமை பகல். பந்து விளையாடும் திடலில் கூட்டம் உட்கார்ந்திருந்தது. மூன்று நாள் கூத்தும் பாட்டும் பார்த்துச் சலித்துப்போன கூட்டம். என் நாய்ச்சண்டைக்கு லேசாகச் சிரித்தார்கள், சேவலுக்கு அதுவும் இல்லை. சனம் கையைவிட்டுப் போகிறது என்று தெரிந்தது. திடலின் ஓரத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக்கொட்டாய். நான் யாரிடமும் சொல்லாமல் அதன் பின்னால் போய் மறைந்து நின்றேன். வளைவில் லோரி கியர் இறங்கும் சத்தம். இரண்டு ஹார்ன். சீட்டி. "பாக்கியம்! உலை கொதிக்குதா?"

கூட்டம் அப்படியே எழுந்து கை தட்டியது. அப்படி ஒரு கைதட்டலை நான் பிரிஞ்சாங்கில்கூட வாங்கியதில்லை. கொட்டாயின் பலகை இடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

அப்போது பாக்கியம் ஓடிவந்தாள். துணி துவைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். கை முழங்கை வரைக்கும் சோப்பு நுரை, புடவை முழங்காலுக்கு மேலே செருகியது செருகியபடி, காலில் செருப்பில்லை. அவள் திடல் பக்கம் திரும்பவே இல்லை. நேராகப் பாதைக்கு ஓடி, வளைவைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அதுவும் விளையாட்டில் சேர்ந்தது என்று நினைத்துச் சிலர் இன்னும் பலமாகச் சிரித்தார்கள். பிறகு ஒவ்வொருவராக நிறுத்தினார்கள். பனி இறங்கிக்கொண்டிருந்தது. வளைவு தெரியாமல் போனது. அவள் அப்படியே நின்றாள்.

நான் வெளியே வந்திருக்கவேண்டும். போய், "தங்கச்சி, நான்தான்" என்று சொல்லியிருக்கவேண்டும். பத்தடி தூரம்தான். நான் கொட்டாயின் பின்னால் ஒளிந்துகொண்டு நின்றேன். கடைசியில் கங்காணியின் மனைவி போய் அவள் தோளைத் தொட்டு வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனாள்.

மறுநாள் மூலைக்குப் போனேன். வாய் திறக்க முடியவில்லை. என் முறையிலும் தைலக்காரரே சேகண்டி தட்டினார். மழைக்கு ஒதுங்கியபோது என்ன என்று கேட்டார், சொன்னேன். அவர் பாம்பைக் கூடையில் விட்டு மூடினார்.

"கைதட்டுறவனை ஏன் பாக்குறே? கூட்டத்துல யார் சிரிக்கலைன்னு பாரு. அங்க இல்லாத ஆளையும் பாரு" என்றார். பிறகு கேட்டார்: "அந்தப் பொம்பளை வீட்டுக்குப் போனியா?"

"இல்ல."

"இங்க ஏன் வந்தே அப்ப? போ. இன்னிக்கே போ."

மழையிலேயே லோரி பிடித்துத் திரும்பினேன். பாக்கியம் அப்பாவுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். வாசலில் நின்று, "நேத்து நான் செஞ்சது தப்பு, தங்கச்சி" என்றேன். அவள் கஞ்சியை ஊட்டி முடித்து, அவர் வாயைத் துடைத்துவிட்டு, என் பக்கம் திரும்பாமல் சொன்னாள்:

"உலை கொதிக்குதான்னு கேட்டீங்கண்ணே. அவரு அப்படிக் கேக்கமாட்டாரு. உலை வச்சுட்டியான்னுதான் கேப்பாரு."

கூட்டம் சிரிக்கவேண்டும் என்று பல வருடம் முன்னால் நானே மாற்றிக்கொண்ட வார்த்தை அது. மாற்றியது எனக்கே மறந்திருந்தது.

இன்னொன்றையும் உங்களிடம் சொல்லிவிடுகிறேன். வேறு யாரிடமும் சொன்னதில்லை. அன்று அந்தக் குரலை எடுத்தது கைதட்டலுக்காக என்றுதான் பல வருடம் எனக்கே சொல்லிக்கொண்டிருந்தேன். அது பாதிதான். அப்படிக் கூப்பிட்டால் வாசலில் வந்து முகத்தைச் சுளித்துக்கொண்டு ஒருத்தி நிற்பாளே, அதை ஒரு தடவை எனக்காக வந்ததுபோலப் பார்க்க ஆசையாக இருந்தது. அவள் என்னை அண்ணே என்று கூப்பிடுகிறவள். எங்கள் பேச்சில் அதற்கு மேலே ஒன்றும் கிடையாது, நானும் வைத்துக்கொண்டதில்லை. ஆனாலும் ஆசை இருந்தது. அடுத்தவர் குரலை எடுக்கிறவர்களுக்கு இந்த ஆபத்து உண்டு. அந்தக் குரலுக்குக் கிடைப்பதெல்லாம் தனக்கும் கிடைக்கும் என்று தோன்றிவிடும்.

அன்றிலிருந்து ஒரு கட்டுப்பாடு வைத்துக்கொண்டேன். செத்துப்போனவர் குரலை அந்த வீட்டார் கேட்டால் செய்வேன். அவர்களுக்குத் தெரியும், அவர் வரமாட்டார் என்று. ஊரைவிட்டுப் போனவர் குரலைச் செய்யமாட்டேன்.

சில மாதத்தில் பாக்கியத்தின் அப்பா இறந்தார். அதுவரை மருதையின் கடிதங்களை அவர்தான் படுத்தபடியே படித்துச் சொல்வார். பாக்கியத்துக்கு எழுத்துக் கூட்டத்தான் தெரியும். ஆபீஸில் கணக்கு எழுதும் கிராணியிடம் கொண்டுபோகக் கூச்சம். ஒருநாள் கடிதத்தை என்னிடம் நீட்டினாள். பிரித்துப் படிக்க ஆரம்பித்தேன். இரண்டாவது வரியிலேயே என் குரல் தானாக அவன் குரலுக்குச் சறுக்கியது. நான் வேண்டுமென்று செய்யவில்லை. அவன் எழுத்தைப் பார்த்ததும் தொண்டை அப்படிப் போய்விட்டது. பாக்கியம் கையை நீட்டித் தாளின் மேல் வைத்தாள்.

"சாதாரணமா படிங்கண்ணே."

ஆயிரம் பேர் முன்னால் சத்தம் போடுவதைவிட அது கடினமாக இருந்தது. ஒரு சத்தமும் இல்லாமல், கடை விளம்பரத்தைப் படிக்கிறவன்போல, "நான் இங்கு சுகம். அங்கு உன் சுகமும் பாப்பா சுகமும் அறிய ஆவல்" என்று படித்தேன். அதற்குப் பிறகு பதினாறு வருடம், வந்த கடிதத்தையெல்லாம் அப்படித்தான் படித்தேன். பெர்மிட் கேட்டு மறுபடி எழுதியிருக்கிறேன் என்று வரும். பிறகு அது நின்றது. அரிசி ஆலையில் லோரி ஓட்டுகிறேன், தம்பி பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிறேன் என்று வரும். நீ வா என்று சில கடிதத்தில் இருக்கும். அவள் பதில் சொல்லச் சொல்ல நான் எழுதுவேன். பாப்பா பள்ளிக்கூடம் முடிக்கட்டும் என்பாள். ஒவ்வொரு கடிதத்தின் கடைசியிலும் என் விலாசம் மாறவில்லை என்று எழுதச் சொல்வாள்.

இதற்கு நடுவில் எனக்குப் பல் போனது. அறுபதை நெருங்கிக்கொண்டிருந்தேன். ஒரு ஞாயிறு காலை, வெளியூர் பஸ் கூட்டம் என்னைச் சுற்றி நின்றது. குருவிச் சீட்டியை இழுத்தபோது மேல் முன்பல் தெறித்து ஒரு வெள்ளைக்காரப் பெண்மணியின் காலடியில் போய் விழுந்தது. வாயில் ரத்தம். கூட்டம் திகைத்து நின்றது. குனிந்து எடுத்து, கைக்குட்டையில் மடித்துச் சட்டைப்பையில் வைத்தேன். அப்புறம் என்ன செய்வது? சும்மா நின்றால் பரிதாபப்பட்டுக் கலைவார்கள். பல்லில்லாத கிழவன் ஒருவன் முறுக்குத் தின்னப் பார்க்கும் சத்தத்தைத் தொடங்கினேன். முறுக்கு உடைய மறுக்கிறது, அவன் திட்டுகிறான், முறுக்கைப் பாலில் ஊறவைக்கிறான். சிரித்தார்கள். தைலக்காரர் தன் முறை இல்லாவிட்டாலும் சேகண்டியை ஒரு தட்டுத் தட்டினார். பிறகு என்னை ஓரமாக இழுத்துப்போய் வாயில் தைலம் வைத்த பஞ்சைத் திணித்தார்.

அந்த முறுக்கு எனக்குப் பல வருடம் சோறு போட்டது. அதனால் சொல்கிறேன், உடம்பில் ஒன்று போனால் அந்தப் பள்ளத்திலும் ஒரு சத்தம் இருக்கிறதா என்று முதலில் தேடுங்கள். ஆனால் எல்லாவற்றுக்கும் அது ஈடாகாது. ஒரு பல் போனால் பக்கத்துப் பல் ஆடும். இரண்டு வருடத்தில் முன்வரிசை முழுக்கப் போனது. தைலக்காரர் கீழே ஈப்போ நகரத்தில் தனக்குத் தெரிந்த பல்வைத்தியரிடம் கூட்டிப்போனார். கட்டுப்பல் வைத்துக்கொண்டு தேயிலைக்கு நடுவில் நின்று குருவியை முயன்றேன். கெண்டியில் ஆவி போவதுபோல வந்தது. மேலே கொழுந்து எடுத்த பெண்கள் அன்று ஒருத்தியும் கேலி செய்யவில்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

குருவி போனது, போலீஸ் விசில் போனது, கெண்டி மட்டும் நன்றாக வந்தது. லோரி, தவளை, மழை, இடி, பன்றி, இவையெல்லாம் தொண்டையில் பிறக்கிற சத்தம், இருந்தன. அவற்றை வைத்து ஓட்டினேன். தைலக்காரர் ஒருநாள் சேகண்டியை என்னிடம் கொடுத்துவிட்டு மகன் வீட்டுக்குப் போனார். பிறகு வரவில்லை. அரை மணிக்கு ஒருமுறை நானே அதைத் தட்டிக்கொண்டு நின்றேன். அவருக்கு விட்டுக்கொடுக்கவேண்டிய நேரத்தில் வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

எண்பதுகளின் கடைசியில் கலாவுக்குக் கல்யாணம் கூடியது. மாப்பிள்ளை ஈப்போவில் மின்சார வேலை பார்ப்பவன். மருதைக்கு எழுதினோம். தாலி கட்ட மூன்று நாள் இருக்கும்போது வருகிறேன், ஒரு மாதம் தங்க அனுமதி கிடைத்திருக்கிறது என்று பதில் வந்தது. அழைத்துவர நான்தான் தானா ராத்தா பஸ் நிலையத்துக்குப் போனேன்.

தாப்பாவிலிருந்து மலையேறி வரும் பஸ் வந்தது, ஆட்கள் இறங்கினார்கள். மெலிந்த கிழவர் ஒருவர் பெட்டியோடு என் பக்கத்தில் வந்து, "ஏங்க, தோட்டத்துக்குப் போற வண்டி எங்கிட்டு நிக்கும்?" என்று கேட்டார். நான் கையைக் காட்டிவிட்டு மறுபடி பஸ் கதவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். யாரும் இறங்கவில்லை. அந்தக் கிழவர் நகராமல் நின்றார்.

"என்னடா சத்தக்காரா, காது அடச்சுப்போச்சா?"

அதன் பிறகுதான் தெரிந்தது. ஒரு தடவை கேட்ட குரலை மறக்கமாட்டேன் என்று ஊரெல்லாம் பெருமை அடித்துக்கொண்டிருந்தவன் நான். அவன் குரல் கம்மிப்போயிருந்தது. பேச்சும் அந்த ஊர்ப் பேச்சாகிவிட்டது. இத்தனை வருடம் நான் என் தொண்டைக்குள் பத்திரமாக வைத்திருந்த குரல் அவனிடம் இல்லை. அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதேன். அவனும் அழுதான். அவன் வேறு எதற்கோ அழுதிருப்பான்.

லைனில் பாக்கியம் கையில் மாவோடு வாசலுக்கு வந்தாள்.

"சௌக்கியமா?" என்றான்.

"வாங்க. குளிருது, காதைக் கட்டிக்குங்க" என்று உள்ளே போய்த் துண்டை எடுத்துவந்து கொடுத்தாள். அவ்வளவுதான் நான் பார்த்தது. அதற்கு மேல் அங்கே நிற்கவில்லை.

கல்யாணம் கோவில் மண்டபத்தில் நடந்தது. தாலி கட்டி முடிந்து பந்தி ஓடிக்கொண்டிருந்தது. பாக்கியம் வாளியைப் பிடித்துக்கொண்டு சாம்பார் பரிமாறினாள். மற்றவர்கள் சொல்லியும் உட்காரவில்லை. கலா மாலையோடு என்னிடம் வந்தாள்.

"மாமா, எங்கப்பா அந்தக் காலத்துல லோரியில வந்தா எப்படிக் கூப்பிடுவாருன்னு லைன்ல எல்லாரும் சொல்றாங்க. எனக்கு ஞாபகமே இல்ல. ஒரே ஒரு தடவை செஞ்சு காட்டுங்களேன்."

"அதான் அப்பாவே வந்திருக்காரே."

"அவருக்கு வரலையாம் மாமா."

மருதை பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தான். "செய்யிடா. நானும் கேட்டு வருசக்கணக்காச்சு" என்றான்.

பாக்கியத்தைப் பார்த்தேன். அவள் வாளியோடு நின்றாள். சரி என்றும் இல்லை, வேண்டாம் என்றும் இல்லை. அவன் வந்துவிட்டான், இனி என்ன தடை என்று மனம் சொன்னது. எழுந்து நின்றேன். பந்தியில் பேச்சு அடங்கியது. கியர் இறங்கியது, நன்றாக வந்தது. ஹார்ன் வந்தது. பிறகு சீட்டி. காற்றுதான் வந்தது. திரும்பிக்கொண்டு கட்டுப்பல்லைக் கழற்றி இன்னொரு முறை முயன்றேன். அதைவிட மோசம். பழைய ஆட்கள் இலையைக் குனிந்து பார்த்தார்கள். முறுக்குக் கிழவனை உள்ளே கொண்டுவந்தால் மண்டபமே சிரித்திருக்கும், நானும் தப்பித்திருப்பேன். வாய்வரை வந்துவிட்டது. கலாவின் முகத்தைப் பார்த்தேன். அவள் சிரிப்பதற்காகக் கேட்கவில்லை.

"வரலைம்மா. மாமாவுக்குப் பல்லு இல்ல" என்றேன்.

இத்தனை வருடத்தில் கூட்டத்தின் முன்னால் நான் முடியாது என்று சொன்னது அன்றுதான்.

மருதை உதட்டைக் குவித்துப் பார்த்தான். அவனுக்கும் வரவில்லை. "சரி விடு. சீட்டிக்கு அப்புறம் நான் என்னடா சொல்லுவேன்?" என்று என்னைக் கேட்டான். விளையாட்டாகக் கேட்கவில்லை. அவனுக்கு மறந்தே போயிருந்தது.

நான் சொல்ல வாயெடுப்பதற்குள் பந்தி வரிசையிலிருந்து பாக்கியம் சொன்னாள். உரக்கச் சொல்லவில்லை, அவன் குரலிலும் இல்லை, தன் சொந்தக் குரலில்.

"பாக்கியம், உலை வச்சுட்டியா? மழை வருது, துணிய எடு."

துணியை எடு என்ற அந்தக் கடைசி வார்த்தை யாருக்கும் நினைவில் இல்லை, எனக்கும்தான். மழை வந்தாலும் வராவிட்டாலும் அவன் தினமும் அதைச் சொல்லியிருக்கிறான். கலா அம்மாவைப் பார்த்தாள்.

"அவ்ளோதானாம்மா?"

"அவ்ளோதான்" என்று சொல்லிவிட்டுப் பாக்கியம் அடுத்த இலைக்கு நகர்ந்தாள். மருதை துண்டால் முகத்தை மூடிக்கொண்டான்.

மாதம் முடிந்தது. ஒரு காலை மருதை, பாக்கியம், நான் மூன்று பேரும் தானா ராத்தா பஸ் நிலையத்தில் நின்றோம். தன்னோடு வரும்படி மருதை கேட்டிருக்கிறான். மகளுக்கு முதல் பிரசவம் ஆகட்டும் என்று அவள் சொல்லியிருக்கிறாள். பஸ் கிளம்பும்போது அவன் ஜன்னல் வழியாகக் கையை நீட்டினான். அவள் அந்தக் கையில் ஒரு தேயிலைப் பொட்டலத்தை வைத்தாள். பஸ் மலையிறங்கும் ரிங்லெட் பக்கம் திரும்பி மறைந்தது.

பெஞ்சில் உட்கார்ந்தோம். "கலா ஈப்போவுக்கு வந்துருன்னு கூப்பிடுதாமே. நல்ல வீடுன்னு சொல்றாங்க. குளிரும் கிடையாது. போகலாமே தங்கச்சி" என்றேன்.

அவள் பஸ் போன பாதையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அங்க போயிட்டா லெட்டர் எங்கண்ணே வரும்? அவருக்கு எல்லாம் மறந்துபோச்சு. இந்தத் தோட்டத்து விலாசம் ஒண்ணுதான் பாக்காம எழுதத் தெரியுது."

கோலா தெர்லாவுக்குக் காலியாகப் போகும் லோரி வந்தது. அவளுக்கு முன்னால் இடம் கேட்டு உட்காரவைத்துவிட்டு, நான் பின்னால் ஏறிக்கொண்டேன்.